இசை ஆவணப்படத்தின் படத்தொகுப்பாளர்: பாலக்காடு, இடுக்கி எல்லைப்பகுதிகளை முன்வைத்து

இசை ஆவணப்படத்தைத் தொகுப்பவர் முதலில் தொகுப்பது ஒலியை. கதைப்படத்தில் ஒரு காட்சி எவ்வளவு நேரம் நிற்க வேண்டும் என்பதை நடிப்பும் வசனமும் சொல்கின்றன. இசைப் படத்தில், எடிட்டர் மேசைக்கு வருமுன்பே தாளம் அதைச் சொல்லிவிட்டது. ஆதி தாளத்தின் ஆவர்த்தனம் எட்டு அட்சரம். அதில் ஐந்தை வைத்துக்கொண்டு மூன்றை எடுத்துவிட்டால் மிஞ்சுவது சுருங்கிய சங்கீதமாக இருக்காது, தவறிப்போன சங்கீதமாகவே இருக்கும். இந்தத் துறையில் ஒருவர் நிலைப்பதும் நிலைக்காததும் இந்த இடத்தை அவருடைய காது பிடிக்கிறதா என்பதைப் பொறுத்தே அமைகிறது. கருவிகளையும் மென்பொருள்களையும் சில மாதங்களில் பழகிவிடலாம். காது பழக ஆண்டுகள் பிடிக்கும்.

இந்தப் பழக்கத்துக்குப் பாலக்காட்டுக் கணவாயும் இடுக்கி மலைத்தொடரும் போல வளமான களம் தென்னிந்தியாவில் அரிது. செம்பை வைத்தியநாத பாகவதர் (1896–1974), மிருதங்க மேதை பாலக்காடு மணி அய்யர் (1912–1981), எம்.டி. ராமநாதன் (1923–1984), கே.வி. நாராயணசுவாமி (1923–2002) ஆகியோர் இந்த மண்ணின் வழி வந்தவர்கள். மிருதங்கம், மத்தளம், செண்டை செய்யும் பெருவெம்பு கிராமம் இங்கே இருக்கிறது. கோயில்களில் பஞ்சவாத்தியமும் மேளமும் முழங்குகின்றன. பகவதி கோயில்களின் கூத்துமாடங்களில் கம்பராமாயணம் தமிழிலேயே ஒலிக்கிறது. அட்டப்பாடியில் இருளரின் ஆட்டப்பாட்டும், கட்டப்பனைக்கு அருகே கோவில்மலையில் மன்னான் மக்களின் கூத்தும் உயிரோடு இருக்கின்றன. இவை ஒவ்வொன்றுக்கும் காலக்கணக்கு வேறு. ஒன்றைத் தொகுத்துப் பெற்ற பழக்கம் அடுத்ததற்கு அப்படியே உதவுவதில்லை.

மிருதங்கத்தின் தனி ஆவர்த்தனத்தை எடுத்துக்கொள்ளலாம். மோரா என்னும் முடிவுச் சொற்கட்டு முடிந்து, கோர்வை என்னும் இறுதிக் கணக்கு மூன்று முறை வாசிக்கப்படுகிறது. அது போய் விழும் இடம் பாட்டின் எடுப்பு, அதாவது பாட்டு தொடங்கும் இடம். பாட்டு அரை இடத்தில் எடுத்திருந்தால் கோர்வையும் அரை இடத்தில் விழும். ஒன்றரை இடம் என்றால் ஒன்றரையில். தாளம் தொடங்கும் சமத்தில்தான் எல்லாம் முடியும் என்று எண்ணிக்கொண்டு சமத்தில் பாடகரின் முகத்துக்கு வெட்டும் எடிட்டர், வித்வான் அரை மணி நேரம் கட்டி எழுப்பியதை அரை அட்சரத்தில் சிதைத்துவிடுகிறார். இதைவிட அடிக்கடி காணப்படும் குறை ஒன்று உண்டு: கோர்வை விழுமுன்னரே கைதட்டும் ரசிகர்களைக் காட்டிவிடுவது. தாளம் போடும் ஒரு ரசிகையின் கை, கோர்வையின் கடைசிச் சுற்றில் திரையில் இருந்தால் கணக்கு தெரியாத பார்வையாளருக்கும் அந்த இடம் புரியும். அந்தக் கை வேறொரு பாட்டுக்குத் தாளம் போட்ட கையாக இருந்தால் தாளம் தெரிந்தவர் உடனே கண்டுபிடித்துவிடுவார். அதன்பின் படத்தில் வேறு எதையும் அவர் நம்பமாட்டார்.

படத்தையும் ஒலியையும் பொருத்துவதிலும் ஒரு எளிய கணக்கு இருக்கிறது. நிமிடத்துக்கு 60 அட்சரம் என்ற நடையில், ஒரு அட்சரத்துக்கு எட்டுச் சொல் (அடி) வீதம் மிருதங்கம் போனால் ஒரு சொல்லுக்குக் கிடைப்பது நொடியில் எட்டில் ஒரு பங்கு. நொடிக்கு 24 ஃபிரேம் ஓடும் படத்தில் அது மூன்று ஃபிரேம். படமும் ஒலியும் இரண்டு ஃபிரேம் விலகினால் விரல் ஒரு சொல்லையும் காது மற்றொரு சொல்லையும் காட்டும். பேட்டியில் இரண்டு ஃபிரேம் விலகல் பலர் கண்ணில் படாது. மிருதங்கத்தின் வலப்பக்கமான வலந்தலையில் விழும் விரலில் அது பட்டே தீரும்.

கோயில் முற்றத்தில் இன்னொரு சிக்கல் சேர்கிறது. ஒலி நொடிக்கு ஏறத்தாழ 340 மீட்டர் செல்கிறது. மேளத்திலிருந்து 34 மீட்டர் தள்ளி வைத்த மைக்குக்கு அது நொடியில் பத்தில் ஒரு பங்கு தாமதமாக வந்து சேரும். 25 ஃபிரேம் படத்தில் அது இரண்டரை ஃபிரேம். முன்வரிசைச் செண்டைக்கு ஒரு மைக், பின்வரிசை இலத்தாளத்துக்கு ஒரு மைக், மக்கள் ஆரவாரத்துக்கு ஒரு மைக் என்று பதிவு செய்து, அவற்றை டைம்லைனில் கண்ணை மூடிக்கொண்டு அடுக்கினால் நூறு பேர் ஒரே கையாக அடித்த அடி மூன்றாகப் பிரிந்து கேட்கும். எதை நகர்த்துவது, எதைத் தொலைவின் சுவைக்காக அப்படியே விடுவது என்பதை ஒலிப்பொறியாளரோடு சேர்ந்து எடிட்டர் முடிவு செய்கிறார்.

மேளத்தின் வடிவமே எடிட்டருக்கு ஒரு பாடம். பஞ்சாரி மேளம் ஐந்து காலம் கொண்டது. முதல் காலத்தின் சுற்று 96 அட்சரம்; பிறகு 48, 24, 12, 6. முழுதாக நிகழ்ந்தால் மூன்று மணி நேரம் வரை போகும். அடியில் அகன்று மேலே கூராகிப்போகும் இந்த வடிவத்தில், கடைசி ஆறு அட்சரத்தின் வேகம் முதல் காலத்தின் பொறுமையிலிருந்து பிறக்கிறது. தொலைக்காட்சிக்கான அரைமணிப் படத்தில் பெரும்பாலும் கடைசிக் காலம்தான் இடம்பெறுகிறது: கைகள் உயர்கின்றன, கூட்டம் துள்ளுகிறது, படம் முடிகிறது. பார்ப்பவருக்குக் கிடைப்பது ஆரவாரம். மேளம் கிடைப்பதில்லை. முதல் காலத்தின் ஒரே ஒரு சுற்றையாவது, 96 அட்சரத்தையும், வெட்டாமல் ஒரே ஷாட்டில் வைத்துவிட்டுப் பிறகு ஒவ்வொரு காலத்திலிருந்தும் முழுச் சுற்றுகளாக எடுத்துச் செல்லும் படம் நேரத்தையும் மிச்சப்படுத்தும், வடிவத்தையும் காக்கும். சுற்றின் நடுவில் வெட்டாமல் சுற்றின் வாயில் வெட்டுவது மேளப் படத்தின் முதல் இலக்கணம்.

பஞ்சவாத்தியத்திலும் திமிலை, மத்தளம், இடய்க்கா, இலத்தாளம், கொம்பு ஐந்தும் இதுபோலவே நீண்ட, மெதுவான பதிகாலத்திலிருந்து இறங்குகின்றன. அதன் இன்றைய வடிவத்தை அமைத்தவர்களுள் ஒருவர் திருவில்வாமலை வெங்கிச்சன் சுவாமி. மணி அய்யரின் ஊர்ப்பக்கமும் திருவில்வாமலைதான். மிருதங்கக் கணக்கும் மத்தளக் கணக்கும் ஒரே வட்டாரத்தில் அடுத்தடுத்து வளர்ந்திருப்பதைப் பேட்டிகளால் விளக்குவதைவிட, இரண்டின் முத்தாய்ப்புகளையும் அடுத்தடுத்து வைத்து ஒரு படம் நன்றாகவே காட்டிவிடும். எடிட்டிங் என்ற கலை வாதம் செய்வது இவ்வாறுதான்.

இதற்கு எதிர்முனையில் இருக்கிறது எம்.டி. ராமநாதனின் பாட்டு. மஞ்சப்பிராவில் பிறந்து, டைகர் வரதாச்சாரியாரிடம் பயின்றவர் அவர். சௌக காலத்தில் ஒரு சங்கதிக்கும் அடுத்ததற்கும் இடையே அவர் விடும் மௌனம் புகழ்பெற்றது. ஒலி அலையின் வரைபடத்தைத் திரையில் பார்க்கும் எடிட்டருக்கு அந்த இடம் வெறும் தட்டைக் கோடாகத் தெரியும். பேட்டிகளில் அப்படிப்பட்ட இடங்களைக் கத்தரித்தே பழகிய கை அங்கேயும் போகும். ஆனால் அந்த மௌனத்தில் தம்புரா ஓடிக்கொண்டிருக்கிறது, தாளம் நடந்துகொண்டிருக்கிறது, பாடகர் அடுத்த இடத்துக்குப் போய்க்கொண்டிருக்கிறார். அதை வெட்டினால் தம்புராவின் மீட்டு பாதியில் அறுந்து குதிப்பது எல்லார் காதிலும் விழும். பாட்டின் நடை கெட்டுப்போனது நுட்பமான காதுகளில் விழும்.

அந்தத் தலைமுறைக் கலைஞர்களைப் பற்றிப் படம் எடுப்போருக்கு ஒலி கிடைக்கும், படம் கிடைக்காது. வானொலிப் பதிவுகள், இசைத்தட்டுகள், ரசிகர்கள் ஸ்பூல் டேப்பில் எடுத்து வைத்த கச்சேரிகள் ஏராளம். அசையும் படம் மிகக் குறைவு. சௌம்யா சதானந்தன் செம்பையைப் பற்றி இயக்கிய ஆவணப்படமும், யாழ்ப்பாணத்துத் தவில் மேதை தெட்சணாமூர்த்தியைப் பற்றி அம்ஷன் குமார் இயக்கித் தேசிய விருது பெற்ற படமும் மறைந்துபோன மேதைகளைத் திரும்ப அழைக்க முயன்றவை. இத்தகைய படங்களில் நிழற்படம், ஊர், வீடு, சீடரின் நினைவு ஆகியவற்றை ஒலியின் மேல் அடுக்குகிறார் எடிட்டர். பாட்டு ஓடும்போது வரும் நிழற்படத்தை மெல்லப் பெரிதாக்கும் உத்தி எங்கும் காணப்படுகிறது. பாட்டை நிறுத்தாமல் ஓடவிட்டு, அதைக் கேட்டுக்கொண்டிருக்கும் சீடரின் முகத்தை மட்டும் காட்டுவது அதைவிட உயர்ந்த வழி. எங்கே தலை ஆடுகிறது, எங்கே கண் மூடுகிறது என்பதைப் பார்த்தே பாட்டின் நுட்பத்தைப் பார்வையாளர் அறிந்துகொள்வார்.

கூத்துமாடத்தில் நிகழும் நிழற்பாவைக் கலையான தோல்பாவைக்கூத்தில் எடிட்டரின் வழக்கமான ஆயுதம் ஒன்று செல்லுபடியாவதில்லை. கலைஞரிடமிருந்து பார்வையாளருக்கும் அங்கிருந்து மீண்டும் கலைஞருக்கும் வெட்டுவதுதான் இசைப் படங்களின் பொது வழக்கம். தோல்பாவைக்கூத்து பகவதிக்காக நடப்பது. ராம ராவண யுத்தத்தைக் காணாமல் போன பத்ரகாளிக்கு அதைக் காட்டுவதாக ஐதீகம். 21 விளக்குகளின் ஒளியில் புலவர்கள் கம்பன் பாட்டைப் பாடி, பொருள் விரித்து, தமக்குள் தர்க்கமும் செய்துகொண்டு விடியும்வரை நடத்துகிறார்கள். முற்றத்தில் மனிதர் எவரும் இல்லாத இரவுகளும் உண்டு. ஆளில்லாத முற்றத்தைக் காட்டிச் சோகம் கூட்டும் எடிட்டர் அந்தக் கலையைத் தவறாகப் புரிந்துகொண்டிருக்கிறார். கூத்துமாடத்துக்கு எதிரே இருக்கும் சந்நிதிக்கு வெட்டுவதே அங்கே முறை. கேட்பவள் அங்கே இருக்கிறாள்.

அட்டப்பாடிக்கும் இடுக்கிக்கும் போனால் எழுத்துமுறைத் தாளக் கணக்குகள் பின்னுக்குப் போய், ஆட்டத்தின் வட்டமே காலத்தை அளக்கிறது. இருளரின் ஆட்டத்தில் கொகல் என்னும் ஊதுகருவியும் பெறை, தவில் என்னும் தோற்கருவிகளும் ஜால்ராவும் ஒலிக்க, ஆடுவோர் வட்டமிடுகிறார்கள். வட்டம் ஒருமுறை சுற்றி வரும்வரை கேமரா ஒரே இடத்தில் நின்றிருந்தால் அதுவே எடிட்டருக்குப் பெரிய கொடை. முகங்களையும் கால்களையும் துண்டு துண்டாக எடுத்துவந்தால் எந்த மேசையிலும் அந்த வட்டத்தைத் திரும்பக் கூட்ட முடியாது. அட்டப்பாடியின் இருளர் பாடகி நஞ்சியம்மா திரைப்பாட்டுக்காக 2020-ஆம் ஆண்டுக்கான தேசிய விருது பெற்றபின் இந்த இசையைத் தேடிவரும் கேமராக்கள் பெருகியிருக்கின்றன. இருளர் மொழி தமிழ்க் காதுக்குப் பாதி புரிவதுபோல ஒலிக்கும். தமிழ் எடிட்டருக்கு அது வசதியாகத் தோன்றினாலும் ஆபத்து அதிலேதான் இருக்கிறது. புரிந்ததாக நினைத்து ஒரு அடியின் நடுவில் வெட்டிவிடவும் துணைத்தலைப்பைத் தவறாக இடவும் வாய்ப்பு மிகுதி. பாடியவரையோ அவர் ஊராரையோ பக்கத்தில் வைத்துக்கொண்டு அடி அடியாகப் பொருள் எழுதிய பிறகே முதல் தொகுப்பான ரஃப் கட்டுக்குள் இறங்க வேண்டும்.

மன்னான் கூத்தின் கதை கோவலன் கண்ணகி கதை. மதுரையிலிருந்து மலையேறி வந்தவர்கள் என்பது அம்மக்களின் மரபு நினைவு. அதே மலைத்தொடரில் கண்ணகி கோயிலான மங்கலதேவி கோட்டத்துக்குச் சித்திரைப் பௌர்ணமியன்று இரு மாநில மக்களும் ஏறிச் செல்கிறார்கள். இரண்டையும் ஒரே படத்தில் இணைத்துவிடும் ஆசை எந்தத் தமிழ் எடிட்டருக்கும் எழும். ஆனால் இரண்டு ஷாட்டுகளை ஒட்டினாலே அவற்றுக்குள் உறவு இருப்பதாகப் பார்ப்பவர் எடுத்துக்கொள்வார். அந்த உறவை அங்குள்ள மக்களே சொல்லும் இடம் ரஷ்ஷில், அதாவது எடுத்துவந்த மூலக் காட்சிகளில், இல்லாவிட்டால் ஒட்டாமல் விடுவதே நேர்மை.

பணிவாழ்வுக்கு வருவோம். இசை ஆவணப்படங்களில் முத்திரை பதித்த எடிட்டர்கள் உலகளவில் சிலர் முன்மாதிரிகளாக உண்டு. 1970-இல் வெளிவந்த ‘வுட்ஸ்டாக்’ படத்தின் எடிட்டர்களுள் முதன்மையானவர் தெல்மா ஸ்கூன்மேக்கர். நூறு மணி நேரத்துக்கும் மேற்பட்ட ரஷ்ஷிலிருந்து மூன்று மணி நேரப் படம் உருவானது. ஒரே நேரத்தில் பல கேமராக்கள் எடுத்ததைத் திரையைப் பிரித்து அருகருகே காட்டிய உத்தி, எதை விடுவது என்ற சிக்கலுக்கு அவர்கள் கண்ட விடை. அந்தப் படத்துக்கு ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தும், தொழிற்சங்க உறுப்பினராக முடியாததால் பெரிய கதைப்படங்கள் பல ஆண்டுகள் அவருக்கு எட்டாமல் இருந்தன. 1980-இல் ‘ரேஜிங் புல்’ அந்தக் கதவைத் திறந்தது. அதிலிருந்து மூன்று ஆஸ்கர் விருதுகள். கதைப்படங்களில் அவர் காட்டிய தாளம் இசைப் படத்தில் பழகியது என்றே கொள்ளத் தோன்றுகிறது.

சார்லட் ஸ்வெரின் வேறு வழி சென்றார். ‘கிம்மி ஷெல்டர்’ (1970) படத்தில், ரோலிங் ஸ்டோன்ஸ் குழுவினர் எடிட்டிங் மேசையின் முன் உட்கார்ந்து தம் கச்சேரியில் நடந்த விபரீதத்தைப் பார்ப்பதையே படத்தின் முதுகெலும்பாக்கினார்கள். எடிட்டிங் அறையே களமானது. பின்னர் அவர் தனி இயக்குநராக, 1960-களின் இறுதியில் பிறர் எடுத்து வைத்திருந்த காட்சிகளைக் கொண்டு பியானோ மேதை தெலோனியஸ் மங்க் பற்றிய ‘ஸ்ட்ரெய்ட், நோ சேசர்’ (1988) படத்தை உருவாக்கினார். பாப் டிலனைப் பற்றிய ‘நோ டைரக்ஷன் ஹோம்’ (2005), ரோலிங் ஸ்டோன்ஸின் ‘ஷைன் எ லைட்’ (2008), ஜார்ஜ் ஹாரிசன் பற்றிய படம் (2011) என மார்ட்டின் ஸ்கார்செசேவுக்குத் தொடர்ந்து இசைப் படங்களைத் தொகுத்த டேவிட் டெடெஸ்கியும் 2024-இல் ‘பீட்டில்ஸ் 64’ படத்தின் இயக்குநரானார். எடிட்டரிலிருந்து இயக்குநராவது இத்துறையில் இயல்பாகவே நடக்கிறது. காரணம், திரைக்கதை இல்லாத ரஷ்ஷில் கதையைக் கண்டெடுப்பவர் அவர்தான்.

படப்பிடிப்பில் நேர்ந்த சிறு பிழை எடிட்டர் தலையில் எவ்வளவு பெரிதாக விடியும் என்பதற்குப் பாடகி அரேத்தா ஃபிராங்க்ளினின் ‘அமேசிங் கிரேஸ்’ சான்று. 1972-இல் லாஸ் ஏஞ்சலஸ் தேவாலயம் ஒன்றில் சிட்னி போலக் படமாக்கியபோது கிளாப் போர்டு அடிக்கவில்லை. படத்தையும் ஒலியையும் பொருத்த முடியாமல் அந்தப் படம் கிடப்பில் போனது. டிஜிட்டல் கருவிகள் வந்தபின் பொருத்தி, 2018-இல்தான் திரைக்கு வந்தது. கோயில் திருவிழாவில் கிளாப் அடிக்க முடியாது என்போர் உண்டு. இலத்தாளத்தின் முதல் தட்டு எல்லாக் கேமராவிலும் விழுந்திருந்தால் அதுவே கிளாப்.

இந்தியாவில் இந்தப் பணி பெரும்பாலும் தனி வாழ்வாக நிற்பதில்லை. கதைப்படத்தோடு சேர்ந்தே நடக்கிறது. ‘பதேர் பாஞ்சாலி’ தொடங்கி ‘ஆகந்துக்’ வரை சத்யஜித் ரேயின் கதைப்படங்களைத் தொகுத்த துலால் தத்தாதான், பரதநாட்டிய மேதை பாலசரஸ்வதியைப் பற்றிய ‘பாலா’வையும் (1976) தொகுத்தார். மும்பையின் தேசிய நிகழ்கலை மையமும் தமிழக அரசும் சேர்ந்து தயாரித்த, சுமார் அரைமணி நேரப் படம் அது. வர்ணம் வரும் பகுதியில் கேமராவும் எடிட்டரும் ஒதுங்கி நிற்கிறார்கள். ஆடுபவரின் முழு உருவம் திரையில் நிற்கிறது, வெட்டுகள் மிகக் குறைவு. தேர்ந்த எடிட்டர் ஒருவர் தன் கையைக் கட்டிக்கொண்டதற்கு அதைவிட நல்ல எடுத்துக்காட்டு இந்திய இசை, நடனப் படங்களில் அதிகம் இல்லை. ‘துருபத்’ (1982) எடுத்த மணி கௌல் தாகர் மரபில் தாமே துருபத் பயின்றவர். அந்தப் படத்தின் நீண்ட ஷாட்டுகளுக்கு அந்தப் பயிற்சியே ஆதாரம்.

கேரளத்தில் ஜான் ஆபிரகாமின் ‘அம்ம அறியான்’ படத்தைத் தொகுத்த பீனா பால், ‘மித்ர், மை ஃபிரண்ட்’ படத்துக்காகத் தேசிய விருது பெற்றார். கேரளத் திரைப்பட விழாவின் கலை இயக்குநராகவும் நெடுங்காலம் பணியாற்றினார். கேரள சலச்சித்ர அகாதமி 2008 முதல் ஆவணப்படங்களுக்கென்றே தனி விழா நடத்துவதால் திருவனந்தபுரத்தில் இத்தகைய படங்களுக்கு அரங்கும் ரசிகரும் உண்டு. அடூர் கோபாலகிருஷ்ணன் கதைப்படங்களுக்கிடையே கலாமண்டலம் கோபி, கலாமண்டலம் ராமன்குட்டி நாயர் ஆகிய கதகளி மேதைகளைப் படமாக்கியிருக்கிறார். இருவரும் பாலக்காட்டு மாவட்டத்தில் பிறந்தவர்கள்.

முறையான பயிற்சிக்குப் புணே திரைப்படக் கல்லூரி, கொல்கத்தாவின் சத்யஜித் ரே நிறுவனம், சென்னைத் தரமணி அரசு நிறுவனம், கோட்டயத்துக்கருகே கே.ஆர். நாராயணன் நிறுவனம் ஆகியவற்றில் படத்தொகுப்புக்குத் தனிப் படிப்பு உண்டு. சித்தூர், கொழிஞ்சாம்பாறைப் பக்கத்து இளைஞருக்குக் கோயம்புத்தூரும், குமுளி, தேவிகுளம் பக்கத்தவருக்குத் தேனியும் மதுரையும் கோட்டயமும் வேலை தேடிப்போகும் முதல் ஊர்கள். தொடக்கம் பெரும்பாலும் உதவியாளர் வேலை: ரஷ்ஷைப் பிரதியெடுத்து, ஒலியோடு பொருத்தி, எந்த நிமிடத்தில் என்ன இருக்கிறது என்று பட்டியல் எழுதுவது. சலிப்பு தரும் வேலைதான். ஆனால் ராகம், தாளம், காலம், பாடியவர் என்று அந்தப் பட்டியலைச் சரியாக எழுதக்கூடிய உதவியாளர் விரைவில் எடிட்டரின் பக்கத்து நாற்காலிக்கு வந்துவிடுகிறார். கல்பாத்தித் தேர்க்காலத்தில் அக்ரகாரத்தில் உட்கார்ந்து கச்சேரி கேட்டவருக்கும், ஊர்க் கோயில் மேளத்துக்கு விரல்விட்டு எண்ணி வளர்ந்தவருக்கும் இந்த இடத்தில் கிடைக்கும் முன்னுரிமையை எந்தப் பட்டயமும் தராது.

வருமானத்தைப் பொறுத்தவரை கல்யாண வீடியோவும் விளம்பரமும் தொலைக்காட்சித் தொடரும்தான் பலருக்குச் சோறு போடுகின்றன. இசை ஆவணப்படம் இடையில் வருவது. ஃபிலிம்ஸ் டிவிஷன் (1948) போன்ற பொது நிறுவனங்களே நீண்ட காலம் இதற்குப் பணம் தந்தன. இன்று அறக்கட்டளைகள், சபாக்கள், கலைஞர் குடும்பங்கள், வெளிநாட்டுத் தமிழ், மலையாள அமைப்புகள் அந்த இடத்தை ஓரளவு நிரப்புகின்றன. குடும்பம் பணம் தரும் படத்தில் புகழுரைகள் மிகும், பாட்டு குறையும். பேட்டி ஒன்றைக் குறைத்து ஆலாபனையை ஒரு நிமிடம் நீட்டச் சொல்லி வாதாடுவதும் எடிட்டரின் வேலையே. அந்த வாதத்தில் அவர் பின்வாங்கக் கூடாது.

உரிமைச் சட்டமும் அவர் மேசைக்கு வருகிறது. 1957-ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டப்படி ஒலிப்பதிவுக்கு 60 ஆண்டும், நிகழ்த்துநரின் உரிமைக்கு 50 ஆண்டும் பாதுகாப்பு உண்டு. ஊர்ப் பாட்டுக்கு ஆசிரியர் பெயர் இல்லை என்பதால் பாடியவருக்கும் உரிமை இல்லை என்று ஆகாது. ஃபைன் கட் முடிந்தபிறகு அனுமதி கிடைக்காத பாட்டைப் பிடுங்கினால் அதன்மேல் கட்டிய காட்சி முழுதும் சரியும். எனவே முதல் கட்டுக்கு முன்பே எந்தப் பதிவுக்கு யார் அனுமதி தந்தார் என்ற பட்டியல் டைம்லைனோடு கூடவே இருக்க வேண்டும்.

படம் பூட்டப்பட்டு, ஒலிக்கலவை முடிந்து, வண்ணத்திருத்தம் ஆனபின் எஞ்சுவது பயன்படாத ரஷ். ஒரு மணி நேரப் படத்துக்கு அது பல மடங்கு இருக்கும். விடியும்வரை நடந்த கூத்தும், மூன்று மணி நேர மேளமும், முழுத் தனி ஆவர்த்தனமும் அதிலேயே கிடக்கின்றன. வன்தட்டு பழுதானால் எல்லாம் போய்விடும். தேதி, இடம், கலைஞர், தாளம், மைக் நிலை ஆகிய குறிப்புகளோடு ஒரு பிரதியைக் காப்பகத்துக்கும், ஒரு பிரதியைப் பாடிய ஊருக்கும் கொடுப்பது எடிட்டரின் பணிப்பட்டியலில் கடைசி வரி. அட்டப்பாடி, கோவில்மலை போன்ற இடங்களில் எடுத்த படத்துக்கு, அந்த ஊரில் மின்சாரமும் கருவியும் இருக்கும் பள்ளிக்கூடத்திலோ படிப்பகத்திலோ அந்தப் பிரதி, வெட்டப்படாத முழு நீளத்தில், ஓடும் வடிவில் ஒப்படைக்கப்பட்ட பிறகே அந்தப் பணி முடிந்ததாகக் கொள்ளப்படும்.